சாட்டை ஏந்திய நாடியா

நான் சிறுவனாயிருந்த காலத்தில், சாய்ந்தமருதில் எங்கள் உம்மம்மா இராக்காலங்களில் சைத்தூன் கிஸ்ஸாவை இராகத்தோடு ஓதுவார். குதிரையேறி வாள் சுழற்றி, முகம்மது ஹனீபாவையே எதிர்த்து நின்ற வீரமங்கை சைத்தூன். ஓதியவரோ கிடுகு வேலிக்கு வெளியே தனியாகக் கால் வைத்தறியாதவர். இந்த முரண் பின்னாளில் ஒரு நடிகையைப் பற்றி வாசித்தபோதுதான் எனக்கு விளங்கத் தொடங்கிற்று. அவர்தான் நாடியா.

இயற்பெயர் மேரி ஆன் எவன்ஸ். 1908ஆம் ஆண்டு ஜனவரி 8இல் அவுஸ்திரேலியாவின் பேர்த் நகரில் பிறந்தவர். தந்தை பிரித்தானியப் படைவீரர். தாய் கிரேக்கப் பெண்மணி. ஐந்து வயதில் பம்பாய்க்கு வந்தார். முதலாம் உலகப் போர் தந்தையைப் பறித்துக்கொண்டது. இந்தியாவின் வடமேற்கு எல்லைப்புறத்தில் வளர்ந்தபோது குதிரையேற்றமும் துப்பாக்கி சுடுதலும் கற்றார். பின்னர் கடையில் விற்பனைப் பெண்ணாகவும், நடனக்காரியாகவும், சர்க்கஸிலும் பிழைப்பு நடத்தினார்.

அக்காலத்தில் அமெரிக்காவிலிருந்து வாரம் ஒரு பாகமாகக் காட்டப்படும் தொடர்படங்கள் உலகெங்கும் பரவியிருந்தன. 1914இல் வெளிவந்த தொடரொன்றின் மூலம் பேர்ல் வைட் என்ற நடிகை ஆபத்துகளைத் தாண்டும் நாயகியாகப் புகழ்பெற்றார். அந்தச் சாகச மரபில் ஊறியவர்களே பம்பாயின் வாடியா சகோதரர்கள். அண்ணன் ஜே.பி.எச். வாடியா எழுத, தம்பி ஹோமி இயக்க, 1935இல் ‘ஹண்டர்வாலி’ வந்தது. தந்தையாகிய அரசரைச் சிறைப்பிடித்த கொடிய மந்திரியை, முகமூடியணிந்து சாட்டையோடு எதிர்க்கும் இளவரசியாக நாடியா தோன்றினார். விநியோகஸ்தர்கள் தயங்கிய அந்தப் படம் 25 வாரங்களுக்கு மேல் ஓடியது. அடுத்த ஆண்டு வந்த ‘மிஸ் ஃப்ரொண்டியர் மெயில்’ படத்தில் ஓடும் ரயிலின் கூரையில் சண்டையிட்டார். பதிலாள் வைத்துக்கொள்ளாமல் தாமே பாய்ந்து விழுந்தார் என்பதே அவரது பெருமை. தமிழிலும் இந்த அலை எழாமலில்லை. 1937இல் கே. அமர்நாத் இயக்கிய ‘மின்னல்கொடி’யில் கே.டி. ருக்மணி ஆணுடையில் கொள்ளைக்காரியாக வந்தார். இன்று அவரை நினைப்பார் மிகச் சிலரே.

நீலக் கண்ணும் பொன்னிறக் கூந்தலுமுடைய வெள்ளைக்காரி, வெள்ளையரை எதிர்த்துப் போராடிய மக்களுக்கு எவ்வாறு நாயகியானார்? சிந்திக்கத்தக்க கேள்வி. கதைகளில் வரும் கொடுங்கோல் மந்திரியை மக்கள் யாராக விளங்கிக்கொண்டார்கள் என்பதில்தான் விடை இருக்கிறது. தணிக்கைக்குத் தப்பிய ஜாடை அது. 1940இல் வந்த ‘டைமண்ட் குயீ’னில், நாட்டுக்கு விடுதலை வேண்டுமாயின் பெண்ணுக்கு விடுதலை வேண்டும் என்ற கருத்துப்பட அவர் பேசுகிறார்.

ஆனால் திரையில் சிங்கத்தோடு பழகிய பெண்ணுக்கு வாழ்க்கையில் காத்திருக்க நேர்ந்தது. ஹோமி வாடியாவின் தாயார் இசையாமையால் அவர்களது திருமணம் 1961இல்தான் நிறைவேறியது. அதற்குள் காலமும் மாறிவிட்டது. குடும்பக் கதைகளும் புராணக் கதைகளும் மேலோங்க, சண்டைப் படங்கள் மூன்றாந்தரம் என ஒதுக்கப்பட்டன. 1968இல் வந்த ‘கிலாடி’யோடு நாடியா ஒதுங்கினார். ஏறத்தாழக் கால் நூற்றாண்டின் பின், 1993இல், ஜே.பி.எச். வாடியாவின் பேரன் ரியாத் எடுத்த ஆவணப்படமே அவரை மீண்டும் உலகுக்கு அறிமுகப்படுத்திற்று. தம் 88ஆவது பிறந்தநாளுக்கு மறுநாள், 1996 ஜனவரி 9இல் நாடியா காலமானார்.

நேயர்களே! காப்பியத்தை ஆராயும் நாம் கிஸ்ஸாவைச் சாமான்யரின் பொழுதுபோக்கென்று தள்ளிவைத்தோம். படவுலகம் நாடியாவைத் தள்ளிவைத்ததும் அதே மனப்பாங்கினாற்றான். ஆனால் வேலிக்குள் வாழ்ந்த ஒரு பெண், இராத்திரியில் சைத்தூனின் போரை ஓதும்போது குரலை உயர்த்தினாளே, அந்தக் குரல் எதைக் கேட்டது? அதை நான் உம்மம்மாவிடம் கேட்கவில்லை. இப்போது கேட்பதற்கு அவர் இல்லை. உங்கள் வீட்டு மூத்தோர் இருக்கும்போதே கேட்டு வையுங்கள்.