அடுப்பேறாத கறி

நமுனுகுல என்னும் சிங்களப் பெயருக்கு ஒன்பது சிகரங்கள் என்று பொருள். ஊவா மாகாணத்திலே, பதுளைக்கும் பசறைக்கும் பண்டாரவளைக்கும் இடையே, 6,680 அடி உயரத்துக்கு எழுந்து நிற்கிறது அம்மலை. அதன் சரிவுகளிலே தேயிலை. தேயிலை நிரைகள் முடியும் இடத்திலே லயங்கள். லயங்களின் ஓரத்திலே, தொழிலாளர் குடும்பங்கள் ஓய்வு வேளையிற் கொத்திப் பயிரிட்ட சிறு மரக்கறிப் பாத்திகள். கோவாவும் கரட்டும் லீக்ஸும் போஞ்சியும் அங்கே செழித்து வளர்வதைப் பார்க்கலாம். வெலிமடைப் பக்கம் போனாலோ வயல் வயலாகக் கோவா விளைகிறது.

இவ்வளவு கோவா விளையும் நாட்டிலே, அதை நாம் எவ்வாறு உண்கிறோம்? அரிந்து, மஞ்சளிட்டு, தேங்காய்ப்பால் விட்டு, நிறம் மங்கிக் குழையும் வரை கொதிக்க வைக்கிறோம். ருசியில் அக்கறி குறைந்ததன்று. ஆயினும், கோவாவிலே உள்ள சிறந்த சத்தொன்றை அடுப்பு எடுத்துக்கொண்ட பிறகுதான் நமக்கு மீதி கிடைக்கிறது. அடுப்பேற்றாமலே கோவாவைப் பழத்தோடு சேர்த்து உண்ணும் வழக்கம் உலகின் வடகோடியிலே உண்டு. எளிய அந்த உணவை இவ்வாரம் நம் இல்லங்களுக்கு அறிமுகஞ் செய்ய விரும்புகிறோம்.

பனி நாட்டார் கண்ட வழி

நோர்வே, சுவீடன், டென்மார்க் ஆகிய நாடுகளை ஸ்கண்டிநேவிய நாடுகள் என்பர். அங்கே மாரிகாலம் நீண்டது. நிலம் உறைந்துவிடும், பச்சை இலை காண்பது அரிது. ஆகவே, கோடையிலும் இலையுதிர் காலத்திலும் விளைந்தவற்றுள் நெடுநாள் கெடாது நிற்கும் கோவாவையும் கரட்டையும் அப்பிள் பழத்தையும் நிலவறைகளிலே சேமித்து வைத்தனர் அந்நாட்டு மக்கள். கோவாவை நூல் போல அரிந்து, அப்பிளைத் துருவிச் சேர்த்து, புளித்த பாலேடோ காடியோ விட்டுக் கலந்தால் ஓர் உணவு ஆயிற்று. இத்தகைய உணவுகளை அவர்கள் 'ரோகொஸ்ட்' என்று அழைக்கின்றனர். பச்சை உணவு என்பதே அதன் பொருள்.

பச்சை உணவின் பயனை ஒரு நகரமே சோதித்துப் பார்த்த கதையும் உண்டு. நோர்வேயின் தலைநகரான ஒஸ்லோவிலே, ஏழைப் பள்ளிப் பிள்ளைகளுக்குச் சூடான சமைத்த உணவு வழங்கும் வழக்கம் முன்னர் இருந்தது. கார்ல் ஷ்யொட்ஸ் என்ற சுகாதாரப் பேராசிரியர் அதை மாற்ற வேண்டுமென்றார். அவர் முயற்சியால் 1930ஆம் ஆண்டுகளில் அடுப்பே தேவைப்படாத காலையுணவு ஒன்று பள்ளிகளிலே வழங்கப்பட்டது. தவிடு நீக்காத மாவில் செய்த பாண், பாற்கட்டி, பால், இவற்றோடு ஒரு பச்சைக் கரட் அல்லது ஒரு துண்டுப் பழம். மாரியிலே மீனெண்ணெயும் உண்டு. 'ஒஸ்லோ காலையுணவு' என்று பெயர் பெற்ற அத்திட்டத்தைப் பிரித்தானியாவும் அவுஸ்திரேலியாவும் எடுத்து நோக்கின. அடுப்பு மூட்டினால்தான் சாப்பாடு என்ற எண்ணத்தை அது அசைத்துவிட்டது.

மலைநாட்டுக்கு இதனால் என்ன பயன்?

விடியுமுன் எழுந்து, ரொட்டி சுட்டு, சம்பல் அரைத்து, பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பிவிட்டு, பிரட்டுக் களத்துக்கு ஓடும் தாய்க்கு இன்னொரு கறி வைக்க நேரமுமில்லை, விறகுமில்லை. அவளுக்கு உதவுவது அடுப்பேறாத கறியே. ஆனால் நேரத்தை மிச்சப்படுத்துவது மட்டும் அதன் பயன் அன்று.

இலங்கையில் 2016ஆம் ஆண்டிலே நடத்தப்பட்ட குடித்தொகை, சுகாதார அளவீட்டின்படி, ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகளுள் வயதுக்கேற்ற உயரம் இல்லாதோர் நாடு முழுவதிலும் நூற்றுக்கு 17 பேர். தோட்டப் பகுதிகளிலோ நூற்றுக்கு 32 பேர். இதற்குக் காரணங்கள் பல. கூலியும் குடியிருப்பும் குடிநீரும் அவற்றுள் முதன்மையானவை. ஒரு பச்சடியாலே அவை தீர்ந்துவிடும் என்று நாம் கூற வரவில்லை. நம் கைக்கு எட்டும் நன்மையை மட்டும் ஏன் விட வேண்டும் என்றுதான் கேட்கிறோம்.

பருப்பிலும் கீரையிலும் ரொட்டி மாவிலும் இரும்புச் சத்து உண்டு. இரத்தம் ஊறுவதற்கு அது வேண்டும். ஆனால் தாவர உணவிலுள்ள இரும்புச் சத்தை உடல் எளிதில் ஏற்றுக்கொள்வதில்லை. அதே வேளையில் 'சீ' விற்றமின் வயிற்றிலே இருக்குமானால் அது கூடுதலாக உடலிற் சேர்கிறது. மாறாக, உணவோடு தேநீர் அருந்தினால், தேயிலையிலுள்ள துவர்ப்புப் பொருள் இரும்பைப் பற்றிக்கொண்டு உடலிற் சேரவொட்டாது தடுக்கிறது. உலகத்துக்கெல்லாம் தேயிலை கொய்து கொடுக்கும் கைகளுக்கு உரியவளே, ரொட்டியோடு குடிக்கும் சாயத் தண்ணீரால் தன் உணவின் இரும்பை இழக்கிறாள் என்பது எத்துணை வருந்தத்தக்கது!

பச்சைக் கோவா 100 கிராமிலே ஏறத்தாழ 36 மில்லிகிராம் 'சீ' விற்றமின் இருக்கிறது. வளர்ந்த ஒருவருக்கு நாளொன்றுக்கு 45 மில்லிகிராம் போதுமென உலக சுகாதார நிறுவனமும் உணவு விவசாய நிறுவனமும் கணக்கிட்டுள்ளன. கோவாவோடு பாதித் தோடம்பழம் சேர்ந்தாலே அத்தேவை நிறைந்துவிடும். இந்த விற்றமின் வெப்பத்தில் அழிவது, நீரிற் கரைவது. ஆதலால்தான் நெடுநேரம் கொதித்த கோவாவில் அதன் பெரும்பகுதி எஞ்சுவதில்லை.

வேண்டிய பொருள்கள்

நால்வருக்கு: இறுக்கமான சிறு கோவாவிற் பாதி, நடுத்தரக் கரட் ஒன்று, தோடம்பழம் ஒன்று, நன்கு முற்றிய கொய்யாப்பழம் ஒன்று, தயிர் நான்கு மேசைக்கரண்டி, பாதித் தேசிக்காயின் சாறு, சீனி ஒரு தேக்கரண்டி, உப்பு, மிளகுத்தூள் சிறிதளவு, வறுத்துக் குற்றிய கச்சான் ஒரு கைப்பிடி.

அப்பிள் வாங்க வேண்டிய அவசியமில்லை. பனி நாட்டார் தம் மண்ணில் விளைந்த பழத்தைப் போட்டனர். நாமும் அவ்வாறே செய்வோம். ஊவாவிலே பிபிலைத் தோடம்பழம் பெயர் பெற்றது. வேலியோரத்துக் கொய்யாவிலோ தோடம்பழத்திலும் பன்மடங்கு 'சீ' விற்றமின் உண்டு.

முதலிற் சுத்தம்

பச்சையாக உண்பதற்குக் கழுவுவதே பாதிச் சமையல். கோவாவுக்குப் பூச்சிமருந்து அடிக்கும் வழக்கம் இருப்பதால், வெளியிலைகள் மூன்று நான்கை நீக்கிவிடுக. பிறகு நான்காகப் பிளந்து, இலைகளைப் பிரித்து, ஓடும் நீரிலே கழுவுக. குடல் புழுக்களின் முட்டைகள் மண்ணோடு ஒட்டியிருக்கக் கூடும். எனவே கரட்டையும் நன்கு தேய்த்துக் கழுவித் தோல் சீவ வேண்டும். பீலித் தண்ணீரோ ஓடைத் தண்ணீரோ பயன்படுத்துவோர், கடைசிக் கழுவலுக்குக் கொதித்து ஆறிய நீரையே கொள்க. கை, கத்தி, பலகை யாவும் சுத்தமாக இருத்தல் வேண்டும்.

செய்முறை

கோவாவின் நடுத்தண்டை நீக்கிவிட்டு, இலைகளை ஒன்றன்மேல் ஒன்றாகச் சுருட்டி, இயன்றவரை மெல்லிய நூல்களாக அரிக. தடிப்பாக அரிந்தால் மெல்லுவதற்குக் கடினமாகி, பிள்ளைகள் ஒதுக்கிவிடுவர். அரிந்ததன்மேல் ஒரு சிட்டிகை உப்பைத் தூவி, விரல்களால் மெதுவாகப் பிசைந்து, பத்து நிமிடம் வைத்திடுக. கோவா தளர்ந்து பளபளப்பாகும். அதனின்று ஊறும் நீரைப் பிழிந்து கொட்டலாகாது. நாம் தேடும் சத்து அதிலேதான் இருக்கிறது.

கரட்டைத் துருவுக. தோடம்பழத்தின் சுளைகளைத் தோலும் விதையும் நீக்கிப் பிய்த்துக்கொள்க. கொய்யாவைச் சிறு துண்டுகளாக வெட்டுக. தயிர், தேசிச்சாறு, சீனி, மிளகு ஆகியவற்றைக் கலந்து கோவாவின்மேல் ஊற்றிக் கிளறி, இறுதியிலே பழத்தைச் சேர்த்து, கச்சானைத் தூவி உடனே பரிமாறுக. மொத்தம் 20 நிமிட வேலை. தயிர் கிடையாத வீட்டிலே தேசிச்சாறும் சீனியும் உப்புமே போதும்.

அன்னாசி சேர்க்க விரும்புவோர்க்கு ஓர் எச்சரிக்கை. நாம் முதன்முறை செய்தபோது, காலையிலேயே அன்னாசியைத் தயிரோடு கலந்து மூடி வைத்தோம். மதியம் எடுத்தால் கசப்பு! பச்சை அன்னாசியிலுள்ள ஒரு பொருள் பாற் புரதத்தைச் சிதைப்பதனால் நேர்ந்தது அது. அன்னாசி போடுவோர் தயிரை விட்டுத் தேசிச்சாற்றை மட்டும் கொள்க. அன்றேல் உண்ணும் வேளையிலே கலக்குக.

வயிற்றுப் பொருமல் உள்ளோர் சிறிதளவிலே தொடங்குதல் நன்று. தைரொயிட் நோயுள்ளோர் பச்சைக் கோவாவை நாள்தோறும் மிகுதியாக உண்ணுமுன் வைத்தியரைக் கேட்டுக்கொள்ள வேண்டும்.

வீட்டார் உண்பரோ?

"பச்சைக் கோவாவை மாடுதான் தின்னும்" என்று நம் வீட்டுப் பெரியவர் ஒருவர் சொல்லிவிட்டார். இதற்கு விடை ஒரு கப்பற் கதையிலே உண்டு. கப்டன் குக் 1768ஆம் ஆண்டிலே தம் முதற் பெரும் பயணத்துக்குப் புறப்பட்டபோது, மாலுமிகளைக் கொல்லும் ஸ்கேர்வி நோயைத் தடுப்பதற்காகப் புளிக்க வைத்த கோவாவைப் பீப்பாய் பீப்பாயாக ஏற்றிச் சென்றார். மாலுமிகள் அதைத் தொட மறுத்தனர். குக் அவர்களை வற்புறுத்தவில்லை. அதிகாரிகளின் மேசையிலே அதை நாள்தோறும் பரிமாறச் செய்தார். பெரியவர்கள் விரும்பி உண்பதைக் கண்ட மாலுமிகள் தாமும் கேட்டனர். பின்னர் அளந்து கொடுக்க வேண்டிய நிலை வந்தது.

இல்லத்தரசிகளே, உங்கள் வீட்டிலும் இதையே செய்து பாருங்கள். பிள்ளைகளை அதட்ட வேண்டாம். தந்தையும் பாட்டனாரும் முதலில் உண்ணட்டும். மாணவர்களே, அரிவதற்குத் தாய்க்குக் கைகொடுங்கள். தாம் அரிந்ததை உண்ணாத பிள்ளை அரிது.

இறுதியாக ஒன்று. இப்பச்சடியை உண்டவுடன் தேநீர்க் கோப்பையை எடுத்துவிட்டால் பாதிப் பயன் போய்விடும். தேநீரை விட்டுவிடுமாறு நாம் கூறவில்லை. ஊவாத் தேயிலையின் மணத்தை அறிந்தவர் அவ்வாறு கூறவும் மாட்டார். ஒரு மணி நேரம் பொறுத்துக் குடியுங்கள் என்றே கேட்கிறோம். மலையிலே கொழுந்தெடுத்துத் திரும்பும் தாய்க்கு, அந்த ஒரு மணி நேரத்தையும் ஒரு கிண்ணம் பச்சடியையும் கொடுப்பது வீட்டாரின் கடமையாகும்.