கற்பிட்டியில் நீலப்புள்ளி ஏன் கடலுக்குள் குதிக்கிறது, தெரியுமா?

1344ஆம் ஆண்டு. மாலைதீவில் கப்பலேறிய பயணி இப்னு பதூதா போக நினைத்தது, மஅபர் என்று அரபிகள் சொன்ன சோழமண்டலக் கரைக்கு. மூன்று நாள் பயணம்தான். ஆனால் கப்பலில் வழி தெரிந்த மாலுமி இல்லை. ஒன்பது நாள் அலைந்து அவர் வந்து இறங்கிய இடம் எது தெரியுமா? நம் புத்தளம்! அங்கிருந்த மன்னர் ஆரியச் சக்கரவர்த்தி அவரை வரவேற்று, முத்துக் கொடுத்து, பாவா ஆதம் மலையைப் பார்த்துவர ஆளும் பல்லக்கும் கொடுத்து அனுப்பினார்.

அதற்கும் ஏறத்தாழ 1,300 ஆண்டுகளுக்கு முந்திய கதை ஒன்று இருக்கிறது. உரோமில் கிளாடியஸ் ஆண்ட காலம். செங்கடல் வரியைக் குத்தகைக்கு எடுத்திருந்த அன்னியஸ் புளோகாமஸ் என்பவரின் ஆள் ஒருவர் அரேபியக் கரையோரமாகப் போய்க்கொண்டிருந்தார். வடகாற்று கப்பலை அள்ளிக்கொண்டு போனது. பதினைந்தாம் நாள் இலங்கையின் ஹிப்புரோஸ் என்ற துறையில் ஒதுங்கினார். இதை எழுதிவைத்தவர் உரோம எழுத்தாளர் பிளினி. வில்பத்துக் கரையிலுள்ள குதிரைமலைதான் அந்தத் துறை என்று ஆய்வாளர் பலர் சொல்கிறார்கள்.

எங்கே நிற்கிறோம் என்று தெரியாமல் வந்தவர்களுக்கெல்லாம் இடம் கொடுத்த கரை இது! இன்று அதே கரையில், கையில் விலை கூடிய போனை வைத்துக்கொண்டும் ஆட்கள் வழி தேடுகிறார்கள். பாலாவியில் திரும்பிக் கற்பிட்டி வீதியில் போனால் ஒரு பக்கம் களப்பு, மறுபக்கம் கடல். போன் வரைபடத்தில் நாம் நிற்கும் இடத்தைக் காட்டும் நீலப்புள்ளி வீதியை விட்டுக் களப்புக்குள் போகும். கொஞ்ச நேரத்தில் கடலுக்குள் குதிக்கும். நுரைச்சோலையில் நிற்பவருக்கு முந்தல் என்று காட்டும். சில நேரம் புள்ளியே இருக்காது.

செய்மதி சரியில்லை என்று உடனே சொல்லிவிடுகிறோம். பெரும்பாலும் செய்மதிமேல் பிழையே இல்லை! உங்கள் போன் இடத்தைச் சொல்ல மூன்று சாட்சிகளைக் கேட்கிறது என்பது தெரியுமா? முதலாவது வானத்துச் செய்மதி. இரண்டாவது தொலைபேசிக் கோபுரம். மூன்றாவது அக்கம்பக்கத்து வைஃபை ரவுட்டர்கள். கொழும்புக் கோட்டையில் உயர்ந்த கட்டடங்கள் செய்மதியை மறைத்தாலும் ரவுட்டரும் கோபுரமும் நெருக்கமாக இருப்பதால் போன் சமாளித்துவிடும். கற்பிட்டியில் எல்லாம் தலைகீழ். மறைக்க ஒன்றுமில்லாத வானம் இருக்கிறது. கோபுரங்களோ தூரத்தில், ரவுட்டரோ அருமை. முதல் சாட்சி இவ்வளவு தெளிவாகப் பேசும் இடத்தில் போன் மற்ற இருவரின் பேச்சை நம்பிவிடுவதுதான் நம் கரையின் சிக்கல். போனை வானத்தைக் கேட்க வைத்துவிட்டால் பாதிக்கு மேல் தீர்ந்தது.

அந்த வானத்தைப் பற்றி இன்னும் கேளுங்கள்! அமெரிக்காவின் ஜிபிஎஸ், ரஷ்யாவின் குளோனாஸ், ஐரோப்பாவின் கலிலியோ, சீனாவின் பெய்டோ எல்லாம் சேர்த்தால் வழிகாட்டும் செய்மதிகள் நூறுக்கும் மேல். இந்தியாவின் நாவிக் வேறு இருக்கிறது. இந்தியாவைச் சுற்றி 1,500 கிலோமீற்றர் வரை சேவை தருவதற்காக அமைத்தது என்பதால் இலங்கை முழுவதும் அதற்குள் அடங்கும். பெய்டோவின் நிலையான செய்மதிகளில் ஒன்று நிற்பது கிழக்கு நெடுங்கோடு 80 பாகையில். புத்தளம் எத்தனை பாகையில் தெரியுமா? 79.8! 35,786 கிலோமீற்றர் உயரத்தில், நம் தலை உச்சிக்கு மிக அருகே, இரவும் பகலும் அசையாமல் நிற்கிறது அது. தலவிலக் கடற்கரையில் நின்று ‘ஜிபிஎஸ்டெஸ்ட்’ என்ற இலவசச் செயலியைத் திறந்து பாருங்கள். எந்த நாட்டுச் செய்மதி எந்தத் திசையில், எவ்வளவு பலத்தில் பேசுகிறது என்று ஒவ்வொன்றாகத் தெரியும்.

ஜிபிஎஸ் செய்மதி 20,200 கிலோமீற்றர் உயரத்திலிருந்து அனுப்பும் சமிக்ஞை நம் கைக்கு வரும்போது எவ்வளவு மெலிந்துபோகிறது தெரியுமா? ஒரு வாட்டை நூறு கோடி கோடியாகப் பிரித்தால் வரும் ஒரு பங்கு அளவுக்கு! அதைப் பிடித்து, அது வந்து சேர எடுத்த நேரத்தைப் போன் கணக்கிடுகிறது. ஒரு வினாடியின் பத்து இலட்சத்தில் ஒரு பங்கு பிசகினால் தூரம் 300 மீற்றர் பிசகும். போனுக்குள் இருப்பது மலிவான கடிகாரம். அதனால்தான் இடத்துக்கு மூன்று செய்மதி, நேரத்தைத் திருத்த இன்னொன்று என்று நான்காவது தேவை. மேலே இருக்கும் அணுக்கடிகாரங்கள் ஐன்ஸ்டைன் சொன்ன காரணங்களால் தரையிலுள்ளதைவிட நாளொன்றுக்கு 38 மைக்ரோ வினாடி வேகமாக ஓடும். அதைத் திருத்தாமல் விட்டால் ஒரே நாளில் 11 கிலோமீற்றர் வரை பிழை சேர்ந்துவிடும்!

இப்போது போனுக்குள் வருவோம். புள்ளி எந்த விதமாகப் பிழைக்கிறது என்று முதலில் பாருங்கள். நோய் அதிலேயே தெரியும்.

புள்ளியைச் சுற்றி மங்கலான நீல வட்டம் பெரிதாக விரிந்திருக்கிறதா? பெரும்பாலும் போன் செய்மதியைக் கேட்கவில்லை. ஆண்ட்ராய்டு 12 வந்த 2021இலிருந்தும், ஐபோனில் 2020இலிருந்தும், ஒவ்வொரு செயலிக்கும் ‘துல்லியமான இடம்’, ‘ஏறத்தாழ இடம்’ என்று இரண்டு அனுமதி உண்டு. அவசரத்தில் ஏறத்தாழ என்பதைத் தொட்டுவிட்டால் ஆண்ட்ராய்டு அந்தச் செயலிக்குச் சொல்வது சுமார் 3 சதுர கிலோமீற்றர் பரப்பு ஒன்றை மட்டும்தான்! கற்பிட்டிக் குடாநாடோ ஒடுங்கிய நிலத்துண்டு. அவ்வளவு பரப்புக்குள் களப்பும் வரும், கடலும் வரும். செட்டிங்ஸில் லொக்கேஷன் பகுதிக்குப் போய், வரைபடச் செயலியைத் தொட்டு, துல்லியமான இடம் என்பதை இயக்கிவிடுங்கள். நூற்றுக்கணக்கான மீற்றர் தள்ளி நின்ற புள்ளி சில வினாடிகளில் உங்கள் காலடிக்கு வருவதைப் பார்க்கலாம். பற்றரி சேமிப்பு முறையும் புள்ளியைக் குழப்பும். திரை அணைந்ததும் சில போன்கள் ஜிபிஎஸ்ஸை நிறுத்திவிடுகின்றன. பயணத்தில் அதை அணைத்து வையுங்கள்.

வட்டம் சுருங்கித்தான் இருக்கிறது, அதனால் புள்ளி சரி என்று நினைக்கிறீர்களா? ஆண்ட்ராய்டு கணக்கில் அந்த வட்டம் 68 சதவீத நம்பிக்கைக்குரியது. மூன்றில் ஒரு தடவை நீங்கள் வட்டத்துக்கு வெளியே நிற்கலாம்!

புள்ளி சாம்பல் நிறமாகிவிட்டதா? அது நீங்கள் இப்போது நிற்கும் இடமே அல்ல. போனுக்குக் கடைசியாகத் தெரிந்த இடம். அதை நம்பி ஓட்டோக்காரருக்கு வழி சொல்லாதீர்கள்.

கற்பிட்டியில் விடுதி அறைக்குள் இருந்துகொண்டு போனைப் பார்த்தால் தெஹிவளை என்று காட்டுகிறதா? பேய் வேலை இல்லை! அந்த வைஃபை ரவுட்டர் முன்பு தெஹிவளையில் ஒரு வீட்டில் இருந்திருக்கும். ரவுட்டர் இடம் மாறியது தரவுத்தளத்துக்குத் தெரியும்வரை, அருகில் வேறு ரவுட்டர் இல்லாத இடத்தில், போன் பழைய முகவரியையே சொல்லும். வைஃபையை அணைத்துவிட்டு வெளியே முற்றத்தில் வந்து நில்லுங்கள். வானம் பதில் சொல்லும்.

இனி வருவது கடலுக்குப் போகிறவர்களுக்கு மிக முக்கியம். டேட்டா இல்லாமல் ஜிபிஎஸ் வேலை செய்யாது என்று நம் கரையில் பலர் நம்புகிறார்கள். வேலை செய்யும்! சிம் இல்லாமலும் வேலை செய்யும். ஆனால் தாமதமாகும், ஏன் தெரியுமா? ஒவ்வொரு ஜிபிஎஸ் செய்மதியும் தன் பாதை விபரத்தை ஒரு வினாடிக்கு 50 பிட் என்ற ஆமை வேகத்தில் சொல்கிறது. தன் சொந்தப் பாதையைச் சொல்லி முடிக்க 30 வினாடி. எல்லாச் செய்மதிகளின் பொது அட்டவணையையும் சொல்லி முடிக்க பன்னிரண்டரை நிமிடம்! டேட்டா இருந்தால் போன் இதையெல்லாம் இணையத்தில் ஒரு நொடியில் எடுத்துக்கொள்கிறது. டேட்டா இல்லாத பத்தலங்குண்டு, உச்சமுனைப் பக்கம் அது வானத்திலிருந்தே பொறுமையாகக் கேட்டு எழுத வேண்டும். நடுவில் தென்னை ஓலை மறைத்தால், போனைச் சட்டைப் பைக்குள் போட்டால், கேட்டது அறுந்து மறுபடி முதலிலிருந்து தொடங்கும். ஆகவே வெட்டவெளியில், அசையாமல், போனின் முகம் வானத்தைப் பார்க்கப் பிடித்துக்கொண்டு சில நிமிடம் நில்லுங்கள். இதைவிட நல்ல வழி ஒன்றும் உண்டு. கவரேஜ் இருக்கும்போதே, துறையை விட்டுப் படகு புறப்படுமுன், வரைபடத்தைத் திறந்து புள்ளியைப் பிடித்துவிடுங்கள். வாங்கிய பாதை விபரம் சில மணி நேரம் செல்லும். கவரேஜ் போனதும் விமானப் பயண முறைக்கு மாற்றுங்கள். பெரும்பாலான போன்களில் ஜிபிஎஸ் அப்போதும் ஓடும். கோபுரத்தைத் தேடித் தேடிப் பற்றரி தீர்வதும் நிற்கும். வரைபடத்தை மட்டும் முன்கூட்டியே போனில் இறக்கி வைத்திருக்க வேண்டும். நீலப்புள்ளி வானத்திலிருந்து வரும், வரைபடம் இணையத்திலிருந்துதான் வரும்.

புள்ளி சரி, திசைதான் பிழை என்றால் அது போனுக்குள் இருக்கும் காந்த உணரியின் பிழை. காந்தப் பூட்டு வைத்த உறை, ஸ்பீக்கர், படகு எஞ்சின் எது அருகில் இருந்தாலும் அது குழம்பும். உறையைக் கழற்றி, காற்றில் எட்டு எழுதுவதுபோலப் போனைச் சுழற்றுங்கள். பிறகு, எந்தப் பக்கம் இருக்கிறது என்று உங்களுக்கே தெரிந்த ஓர் அடையாளத்தை நோக்கிப் பிடியுங்கள். நுரைச்சோலை அனல்மின் நிலையத்தின் புகைபோக்கி எவ்வளவு தூரத்திலும் தெரியுமே! வரைபடத்தில் புள்ளியிலிருந்து விரியும் கதிர் அதை நோக்கி விழுந்தால் திசை சரி.

பூமியின் காந்த நடுக்கோடு நம் பகுதிக்கு மிக அருகே செல்கிறது என்பது தெரியுமா? கேரளத்தின் தும்பாவில் 1963 நவம்பர் 21 அன்று இந்தியா முதல் ரொக்கட்டை ஏவியதற்குக் காரணமே அதுதான். இந்தக் கோட்டை ஒட்டிய வானத்தில், சூரியன் மறைந்த பின், அயனமண்டலத்தில் பெரிய குமிழிகள் எழும்பும். அவற்றின் ஊடாக வரும் செய்மதிச் சமிக்ஞை நட்சத்திரம் மின்னுவதுபோல மின்னி, சில வேளை அறுந்தே போகும். சூரியன் உக்கிரமாக இருக்கும் ஆண்டுகளில், மார்ச், செப்டெம்பர் மாதங்களை ஒட்டி இது கூடும். இப்போதைய சூரியச் சுழற்சி உச்ச கட்டத்துக்கு வந்துவிட்டதை 2024 ஒக்டோபரில் நாசா அறிவித்தது. அதே ஆண்டு மே மாதம் அடித்த சூரியப் புயலில் அமெரிக்க விவசாயிகளின் உழவு இயந்திரங்கள் வழி தெரியாமல் வயலில் நின்றன! பகலெல்லாம் ஒழுங்காக இருந்த புள்ளி முன்னிரவில் தடுமாறினால் போனைத் திட்டாதீர்கள். கொஞ்ச நேரம் கழித்துப் பாருங்கள்.

பழைய போன் வைத்திருப்பவர்களே! ஜிபிஎஸ் வாரங்களை 1,024 வரை எண்ணி மறுபடி பூச்சியத்துக்குப் போகும். 2019 ஏப்ரலில் அப்படிப் போனது. அந்த ஆண்டு நவம்பர் 3க்கு முன் மென்பொருளைப் புதுப்பிக்காத ஐபோன் 5 சரியான இருப்பிடத்தை இழக்கும் என்று ஆப்பிள் எச்சரித்தது. அடுத்த முறை 2038 நவம்பரில். புதுப்பிப்பு வந்தால் தள்ளிப் போடாதீர்கள்.

எல்லாம் சரியாக இருந்தும் இலக்கத்தை மாற்றி அடித்தால் என்ன ஆகும் தெரியுமா? கற்பிட்டி வடக்கு 8 பாகை 14 கலை, கிழக்கு 79 பாகை 46 கலை. 8 பாகை 14 கலையை 8.14 என்று தட்டினால் பத்துக் கிலோமீற்றர் தெற்கே போய்விடுவீர்கள்! சரியான தசம எண் 8.233. முன்னதைப் பின்னதாக, 79 வடக்கு 8 கிழக்கு என்று போட்டாலோ புள்ளி போய் நிற்பது தூர வடக்கிலுள்ள ஸ்வால்பார்ட் தீவுகளுக்குப் பக்கத்துப் பனிக்கடல்!

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். புள்ளி துல்லியமாக இருப்பது வேறு, செயலி காட்டும் பாதை போகத்தக்கதாக இருப்பது வேறு. புத்தளத்திலிருந்து வில்பத்து வழியாக மன்னாருக்குக் கோடு போட்டுக் காட்டினால் நம்பி இறங்கிவிடாதீர்கள். எலுவன்குளத்தில் கலா ஓயாவைக் கடக்கும் சப்பாத்துப் பாலம் மழைக்காலத்தில் நீருக்குள் போய்விடும். பாதை திறந்திருக்கிறதா என்று அங்குள்ளவர்களைக் கேட்டுவிட்டுப் புறப்படுங்கள்.

பலநாட் படகுகளில் செய்மதிக் கண்காணிப்புக் கருவி இருக்கிறது. 2015இல் ஐரோப்பிய ஒன்றியம் இலங்கை மீனுக்குத் தடை போட்டு, 2016இல் நீக்கிய காலத்தில் அது பரவலானது. கண்டக்குளியிலும் உடப்பிலும் விடியுமுன் இறங்கும் சின்னப் படகுகளில் பெரும்பாலும் ஒரு போன்தான். அந்தப் படகில் போகும் தம்பிமாரிடம், அண்ணன்மாரிடம் ஒரு வேண்டுகோள். இன்றிரவே துல்லியமான இடத்தை இயக்கி, வரைபடத்தை இறக்கி வையுங்கள். உங்கள் இடத்தின் இரண்டு இலக்கங்களைத் திரையில் எப்படிப் பார்ப்பது, எந்த ஒழுங்கில் வாசிப்பது என்று வீட்டில் ஒருவருக்கேனும் சொல்லிக்கொடுங்கள். வீட்டு வாசலின் இலக்கங்களையும் ஒரு தாளில் எழுதிச் சுவரில் ஒட்டிவிடுங்கள். 1990 என்ற இலக்கத்தில் அம்பியூலன்ஸை அழைக்கும்போது ஒழுங்கை தெரியாமல் தடுமாறாமல், அந்த இரண்டு எண்களையும் வாசித்துச் சொல்லலாம்.