உங்களுக்குத் தெரியுமா? தோற்றால் எல்லோரும், ஜெயித்தால் எல்லோரும்!

வீட்டில் உள்ள எல்லோரும் ஒரே அணி. எதிரணி, மேசையில் விரித்து வைத்திருக்கும் ஆட்டம்தான். இப்படி ஆடும் கூட்டு போர்டு கேம்களைப் பிள்ளைகளோடு விளையாடிப் பார்த்தவர்களுக்கு அவற்றின் அருமை தெரியும். ஒரே கட்சியில் இருப்பதால் மட்டும் ஜெயித்துவிட முடியாது. ஆட்டம் எப்படி அடிக்கிறது என்று புரிந்துகொண்டு, ஒருவருக்கொருவர் வழிவிட்டு ஆட வேண்டும். அதற்கான சில சுவையான தகவல்கள், சில உத்திகள்.

பரிசு மேல் பரிசு
போர்டு கேம் உலகின் மிகப் பெரிய கௌரவம், 1979 முதல் ஜெர்மனியில் வழங்கப்படும் 'ஷ்பீல் டெஸ் யாரெஸ்' விருது. 2023-இல் 'டோர்ஃப்ரொமான்டிக்', 2024-இல் 'ஸ்கை டீம்', 2025-இல் 'பாம் பஸ்டர்ஸ்' என மூன்று ஆண்டுகள் தொடர்ந்து இந்த விருதை வாங்கியவை கூட்டு ஆட்டங்களே.

காக்கையை முந்துங்கள்
1986-இல் ஜெர்மனியின் ஹாபா நிறுவனம் வெளியிட்ட 'ஒப்ஸ்ட்கார்ட்டன்' சின்னக் குழந்தைகளுக்கான கூட்டு ஆட்டம். நான்கு மரங்கள், மரத்தாலான 40 பழங்கள், ஒரு காக்கை. பகடையில் விழும் நிறத்துக்கேற்ப அந்த மரத்தில் பழம் பறிக்க வேண்டும். காக்கை விழுந்தால் 9 துண்டுகள் கொண்ட காக்கைப் படத்தில் ஒரு துண்டு சேரும். படம் முழுமையாகும் முன் தோட்டம் காலியாக வேண்டும். கூடை விழுந்தால் விருப்பப்பட்ட இரண்டு பழங்களைப் பறிக்கலாம். அப்போது பழம் அதிகம் மிஞ்சியிருக்கும் மரத்தில்தான் கைவைக்க வேண்டும். ஒரு மரம் சீக்கிரம் காலியானால், பிறகு அதன் நிறம் விழும் வீச்செல்லாம் வீண்! நான்கு வயதுக் குழந்தைகூட சில ஆட்டங்களில் இதைப் பிடித்துக்கொள்ளும்.

பலகையில் சென்னை
அமெரிக்காவின் மேட் லீகாக் உருவாக்கி 2008-இல் வெளியான 'பாண்டமிக்' ஆட்டத்தில் உலகெங்கும் நான்கு நோய்கள் பரவும். ஆடுபவர்கள் ஒன்றாகச் சேர்ந்து மருந்து கண்டுபிடிக்க வேண்டும். அதன் வரைபடத்தில் உள்ள 48 நகரங்களில் சென்னையும் ஒன்று! மும்பை, டெல்லி, கொல்கத்தா, பாங்காக், ஜகார்த்தா என ஐந்து நகரங்களோடு அதற்குத் தொடர்பு உண்டு. சென்னையில் நோய் வெடித்தால் ஒரே நேரத்தில் ஐந்து ஊருக்கும் பரவும். ஆகவே சென்னையில் மூன்று நோய்க் கட்டைகள் சேர்ந்துவிட்டால் மற்ற வேலையைத் தள்ளிவைத்துவிட்டு அங்கே ஓடுவது நல்லது.

மூழ்கும் தீவு
குடும்பத்தோடு ஆட 'பாண்டமிக்' கொஞ்சம் கனம் என்று தோன்றுகிறதா? அதே லீகாக் 2010-இல் கொடுத்த 'ஃபார்பிடன் ஐலண்ட்' உங்களுக்கானது. 2 முதல் 4 பேர் வரை, அரை மணி நேரம், 10 வயதுக்கு மேல். கடலில் மூழ்கிக்கொண்டிருக்கும் தீவிலிருந்து நான்கு பொக்கிஷங்களை எடுத்துக்கொண்டு ஹெலிகாப்டரில் தப்ப வேண்டும். ஒவ்வொருவரும் தன் முறையில் 3 செயல்கள் வரை செய்யலாம்: நகரலாம், நனைந்த அட்டையைத் திருப்பிக் காயவைக்கலாம், சீட்டு கொடுக்கலாம், பொக்கிஷம் எடுக்கலாம். பிறகு 2 பொக்கிஷச் சீட்டுகளையும், நீர்மட்டம் சொல்லும் அளவுக்கு வெள்ளச் சீட்டுகளையும் எடுக்க வேண்டும். இனி வரும் உத்திகள் எல்லாம் இந்த ஆட்டத்துக்கானவை.

24-இல் 9
தீவு 24 அட்டைகளால் ஆனது. எல்லாவற்றையும் காப்பாற்ற முயன்றால் தோல்வி நிச்சயம். உண்மையில் முக்கியமானவை 9 மட்டுமே: ஒவ்வொரு பொக்கிஷத்துக்கும் இரண்டாக 8, ஹெலிகாப்டர் நிற்கும் 'ஃபூல்ஸ் லேண்டிங்' 1. இந்த 8-இலும் ஒரு ஜோடியில் ஒன்று மூழ்கினால் பரவாயில்லை. இன்னொன்றில் பொக்கிஷத்தை எடுக்கலாம். எடுத்த பிறகு அந்த ஜோடியையும் கடலுக்கு விட்டுவிடலாம். மீதி 15 அட்டைகள் நடந்துபோகும் பாதை. பாதை துண்டாகிவிடும் இடத்தில் மட்டும் அவற்றைக் கவனித்தால் போதும்.

வெள்ளம் வந்த இடத்துக்கே வரும்
ஒரு அட்டையின் வெள்ளச் சீட்டு முதல்முறை வந்தால் அது நனையும். நனைந்த நிலையில் மறுபடி வந்தால் மூழ்கிப் போகும். பொக்கிஷக் கட்டிலிருந்து 'வாட்டர்ஸ் ரைஸ்' சீட்டு வந்தால் நீர்மட்டம் ஏறும். அதோடு, அதுவரை எடுத்துப்போட்ட வெள்ளச் சீட்டுகளைக் கலைத்து வெள்ளக் கட்டின் மேலேயே வைக்க வேண்டும். அதாவது, ஏற்கெனவே நனைந்த இடங்களே உடனே மறுபடி தாக்கப்படும். 'எங்கே அடிக்கப் போகிறது?' என்பதற்கு விடை மேசையிலேயே இருக்கிறது. இந்த ஒரு விஷயம் புரிந்த குடும்பம் பாதி ஜெயித்த மாதிரி. 'பாண்டமிக்' ஆட்டத்தின் இதயமும் இதே ஏற்பாடுதான்.

எண்ணத் தெரிந்தால் போதும்
பொக்கிஷக் கட்டில் மொத்தம் 28 சீட்டுகள்: பொக்கிஷம் 20, ஹெலிகாப்டர் 3, மணல்மூட்டை 2, 'வாட்டர்ஸ் ரைஸ்' 3. நான்கு பேர் ஆடினால் தொடக்கத்தில் ஆளுக்கு 2 வீதம் 8 சீட்டுகள் போய்விடும். 'வாட்டர்ஸ் ரைஸ்' யாருக்கும் கொடுக்கப்படாது என்பதால், மிச்சமுள்ள 20-க்குள் மூன்றுமே இருக்கும். முதல் முறையிலேயே அது வர 28 சதவீத வாய்ப்பு. முறைக்கு 2 சீட்டு வீதம் பத்து முறைகளில் கட்டு தீர்ந்து மறுபடி கலைக்கப்படும். எத்தனை முறை ஆயிற்று, எத்தனை 'வாட்டர்ஸ் ரைஸ்' வந்துவிட்டது என்று எண்ணும் பொறுப்பைக் கணக்கில் ஆர்வமுள்ள பிள்ளையிடம் கொடுத்துப் பாருங்கள்!

எப்போது காயவைக்கலாம்?
அட்டை நனைந்ததுமே ஓடிப்போய் காயவைக்கத் தேவையில்லை. அதன் சீட்டு கழித்துப்போட்ட குவியலில் கிடக்கும்வரை அந்த இடத்துக்கு ஆபத்து இல்லை. அடுத்த 'வாட்டர்ஸ் ரைஸ்' வந்தாலோ, வெள்ளக் கட்டு தீர்ந்தாலோதான் அது திரும்பிவரும். மூன்று 'வாட்டர்ஸ் ரைஸ்' சீட்டுகளும் வந்து முடிந்த பிறகு, பொக்கிஷக் கட்டு மறுபடி கலைக்கப்படும் வரை கொஞ்சம் மூச்சுவிடலாம்; அந்த நேரத்தைப் பொக்கிஷத்துக்குச் செலவிடுங்கள். மாறாக, கட்டு மெலிந்துவிட்டது, இன்னும் இரண்டு பாக்கி என்றால் முக்கியமான அட்டைகளை உடனே காயவைத்துவிடுங்கள். 'வாட்டர்ஸ் ரைஸ்' வந்த அதே முறையிலேயே வெள்ளச் சீட்டும் எடுப்பதால், பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்பது நடக்காது.

ஐந்தில் நான்கு
ஒரு பொக்கிஷத்தை எடுக்க ஒரே ஆளின் கையில் அதன் 4 சீட்டுகள் வேண்டும். ஒவ்வொன்றுக்கும் இருப்பதோ 5 சீட்டுகள். கையில் 5-க்கு மேல் வைத்திருக்கக் கூடாது. ஆளுக்கு இரண்டாகப் பிரித்து வைத்துக்கொண்டு காத்திருந்தால் தீவு மூழ்கிவிடும். 'நெருப்புப் பொக்கிஷம் யாருக்கு, காற்றுப் பொக்கிஷம் யாருக்கு' என்பதை முதல் சுற்றிலேயே பேசி முடிவுசெய்யுங்கள். எல்லோர் சீட்டும் மேசையில் திறந்தே இருப்பதால் ஒளிக்க எதுவும் இல்லை.

பாட்டியின் ஒரு சீட்டு
நன்றாக ஆடும் குடும்பம் எப்படி யோசிக்கும்? பேத்தியிடம் நெருப்புச் சீட்டு 3. பாட்டியிடம் 1. நெருப்புப் பொக்கிஷ அட்டை பேத்தி நிற்கும் இடத்திலிருந்து இரண்டு தாவு. பேத்தியின் முறை வந்த பிறகு, "பாட்டி, அதைக் குடுங்க!" என்று கேட்டால் பயனில்லை. கொடுப்பவர் தன் முறையில்தான் கொடுக்க முடியும். பாட்டிக்கு ஆட்டத்தில் கிடைத்த பாத்திரம் 'மெசஞ்சர்' என்பதால், எங்கே நின்றாலும் ஒரு செயலில் சீட்டைத் தரலாம். பேத்தி முன்கூட்டியே பார்த்துச் சொன்னால், பாட்டி தன் முறையில் கொடுத்துவிடுவார். பேத்தி தன் முறையில் இரண்டு தாவு தாவி, மூன்றாவது செயலில் பொக்கிஷத்தை எடுத்துவிடுவாள். ஒரு சுற்று தாமதமானால் அந்த அட்டை இருக்குமோ இருக்காதோ! தன் முறையை மட்டும் பார்ப்பவர் சுமாராக ஆடுவார். அடுத்தவர் முறைக்கு என்ன தேவை என்று பார்ப்பவர்தான் நன்றாக ஆடுவார்.

ஆறு பேர், ஆறு திறமை
ஆட்டத்தின் ஆறு பாத்திரங்களில் ஆளுக்கு ஒன்று கிடைக்கும். 'இன்ஜினியர்' ஒரே செயலில் இரண்டு அட்டைகளைக் காயவைப்பார். 'பைலட்' முறைக்கு ஒருதடவை எங்கு வேண்டுமானாலும் பறப்பார். 'எக்ஸ்ப்ளோரர்' குறுக்காகவும் நகர்வார். 'டைவர்' மூழ்கிய இடத்தையும் நீந்திக் கடப்பார். 'நேவிகேட்டர்' மற்றவர்களை ஒரு செயலுக்கு இரண்டு கட்டம் வரை நகர்த்துவார். 'மெசஞ்சர்' தொலைவிலிருந்தே சீட்டு தருவார். உங்கள் திறமையை முறைதோறும் பயன்படுத்துங்கள். 'இன்ஜினியர்' பொக்கிஷம் தேடி அலைந்தால் தீவைக் காப்பது யார்?

செலவில்லாத உதவி
மணல்மூட்டைக்கும் ஹெலிகாப்டருக்கும் செயல் கணக்கு கிடையாது. அடுத்தவர் முறையின் நடுவில்கூடப் போடலாம். மணல்மூட்டை தீவின் எந்த மூலையையும் காயவைக்கும். ஆனால் கையிலுள்ள 5 சீட்டுகளில் இவையும் சேரும் என்பதால், பெட்டிக்குள் பூட்டிவைத்தது போல வைத்திருக்க வேண்டாம். கடைசிப் பயணத்துக்கு ஒரு ஹெலிகாப்டர் மட்டும் நிச்சயம் வேண்டும்.

'நான் சொல்றதைக் கேளு!'
கூட்டு ஆட்டத்தைக் கெடுப்பது வெள்ளமோ நோயோ அல்ல. எல்லோருக்கும் சேர்த்து ஒருவரே ஆடுவது. பெரும்பாலும் அந்த ஒருவர் அப்பாவோ அம்மாவோ அண்ணனோதான். ஆட்ட வடிவமைப்பாளர்களே இதற்கு மருந்து யோசித்திருக்கிறார்கள். 2013-இல் 'ஷ்பீல் டெஸ் யாரெஸ்' வென்ற 'ஹனாபி'யில் உங்கள் சீட்டு உங்களுக்குத் தெரியாது, மற்றவர்களுக்கு மட்டும் தெரியும்; குறிப்பும் அளவோடுதான் தரலாம். இருவர் சேர்ந்து விமானத்தைத் தரையிறக்கும் 'ஸ்கை டீம்' ஆட்டத்தில் பகடை உருட்டியதும் இருவரும் பேசக் கூடாது. திறந்த சீட்டு ஆட்டங்களில் வீட்டுச் சட்டம் ஒன்று போதும்: யாருடைய முறையோ, அவர் சொல்வதே முடிவு. மற்றவர்கள் யோசனை சொல்லலாம், காயைத் தொடக் கூடாது. "இங்கே போ" என்பதற்குப் பதிலாக "நீ என்ன நினைக்கிறே?" என்று கேட்டுப் பாருங்கள். குழந்தை எடுக்கும் முடிவால் தோற்றாலும் சரி. அந்த முடிவு அதனுடையது. அந்த மதிப்பைக் கொடுக்காத ஆட்டம் ஜெயித்தும் பயனில்லை.

மட்டத்தை ஏற்றுங்கள்
தொடக்க நிலையில் முறைக்கு 2 வெள்ளச் சீட்டுகள். நீர் ஏற ஏற அது 5 வரை போகும். எளிதாக ஜெயிக்க ஆரம்பித்தால், அடுத்த ஆட்டத்தில் நீர்மட்டத்தை ஒரு கோடு மேலே வைத்துத் தொடங்குங்கள். தோற்றால் யாரையும் குறைசொல்லாமல், "எந்த இடத்தில் வேறு மாதிரி ஆடியிருக்கலாம்?" என்று ஐந்து நிமிடம் பேசுங்கள். குடும்பம் வளர்வது அந்தப் பேச்சில்தான்.

ஒருவர் விடுபட்டாலும்...
நான்கு பொக்கிஷங்களும் கைக்கு வந்தாலும் ஆட்டம் முடிவதில்லை. எல்லோரும் 'ஃபூல்ஸ் லேண்டிங்' வந்து சேர்ந்த பிறகே ஹெலிகாப்டர் கிளம்பும். ஒருவர் நிற்கும் அட்டை மூழ்கி, நீந்திச் சேர பக்கத்தில் அட்டை இல்லை என்றால் அத்தனை பேருக்கும் தோல்வி. ஆகவே மூன்றாவது பொக்கிஷம் கிடைத்ததுமே வேலை முடிந்தவர்களை அங்கே அனுப்பத் தொடங்குங்கள். தொலைவில் இருப்பவரை 'நேவிகேட்டர்' இழுத்துவரட்டும். 'ஃபூல்ஸ் லேண்டிங்' நனைந்தால் உடனே காயவையுங்கள். அதுவும் போனால் பொக்கிஷம் இருந்தும் வழியில்லை. நம் பிள்ளைகள் 'நான் முதல்ல' என்ற சொல்லை எல்லா இடத்திலும் கேட்டு வளர்கிறார்கள். கடைசியாக வருபவருக்காக எல்லோரும் காத்திருக்க வேண்டும் என்பதை ஒரு சட்டமாகவே வைத்திருக்கும் ஆட்டத்தை வாரம் ஒருமுறையாவது அவர்களோடு உட்கார்ந்து ஆடுங்கள்.