நிலமும் பொழுதும்: தாமிரபரணியை யார் அளப்பது?

நமது சூழலியல் பேச்சில் நிலம் எப்போதும் பின்புலமாகத்தான் வருகிறது. முன்னால் புலி நிற்கும், சிங்கவால் குரங்கு நிற்கும். அவை நிற்கிற தரையைப் பற்றிப் பேச்சே இல்லை. களக்காடு - முண்டந்துறை 1988-இல் புலிகள் காப்பகமாயிற்று. 2006 முதல் நான்காண்டுக்கு ஒருமுறை நாடு முழுக்கப் புலிகளைக் கணக்கெடுக்கிறார்கள். கேமரா, கால்தடம், எச்சம் என்று அதற்கொரு முறையியலே உருவாகியிருக்கிறது. இதை நான் குறைசொல்லவில்லை. என் கேள்வி வேறு. அந்தப் புலி நடக்கிற சரிவில் மண் எவ்வளவு இறங்கியிருக்கிறது, ஓடை எவ்வளவு மணலைக் கொண்டுவருகிறது, அந்த மணல் எங்கே போய் நிற்கிறது - இவை ஏன் புலிக்குக் கிடைத்த கவனத்தைப் பெறவில்லை?

உலக அளவில் இதற்கொரு சொல்லாடல் 1990-களிலேயே உருவாகிவிட்டது. சர்வதேச புவியியல் அறிவியல் ஒன்றியத்தின் பணிக்குழு ஒன்று 27 'புவிக்குறிகாட்டிகளை'த் தொகுத்தது. 1996-இல் அது நூலாகவும் வந்தது. ஆற்றின் போக்கு, வண்டல் வரத்து, மண் அரிப்பு, நிலச்சரிவு, நிலத்தடி நீர்மட்டம், கடற்கரைக் கோடு, மணல்மேடு என்று போகிறது பட்டியல். நூறாண்டுக்குள், அதாவது ஏறத்தாழ ஒரு மனித ஆயுளுக்குள் நிகழும் மாற்றங்களே அதன் அக்கறை. 'புவியியல் காலம்' என்றதும் கோடி வருஷக் கணக்கு என்று நாம் ஒதுங்கிவிடுகிறோம் இல்லையா, அந்த ஒதுங்கலை இது உடைக்கிறது.

தமிழில் இந்தப் பார்வைக்கு இடமில்லாமல் இல்லை. தொல்காப்பியம் முதற்பொருள் என்று நிலத்தை மட்டும் சொல்லவில்லை. நிலமும் பொழுதும் சேர்ந்ததே முதற்பொருள். பாலைக்குத் தனி நிலம் கிடையாது, முல்லையும் குறிஞ்சியும் தம் இயல்பு கெட்டுத் திரிந்தால் வருவது அது என்கிறது சிலப்பதிகாரம். ஆக நிலம் ஒரு நிலைத்த படம் அல்ல, கெட்டுப்போகக் கூடியது என்ற உணர்வு நம்மிடம் இருந்திருக்கிறது. பின்னால் நாம் திணையைக் கவிதைக்குள் பூட்டிவைத்துவிட்டு, நிலத்தை ரெவின்யூ ரிக்கார்டிடம் ஒப்படைத்துவிட்டோம்.

ஆனால் 'நிலத்தின் ஆரோக்கியம்' என்ற உருவகத்தை அப்படியே விழுங்கிவிடக் கூடாது. மாற்றமெல்லாம் நோய் அல்ல. தாமிரபரணியின் முகத்துவாரத்தையே எடுத்துக்கொள்ளலாம். பாண்டியரின் முத்துத் துறைமுகமான கொற்கை இன்று கடலை விட்டுப் பல கிலோமீட்டர் உள்ளே கிடக்கிறது. ஆறு கொண்டுவந்த வண்டல் துறையை மூடியது. காயல் எழுந்தது, 13-ஆம் நூற்றாண்டின் இறுதியில் மார்க்கோ போலோ பார்த்தது அந்தக் காயலை. அதுவும் தூர்ந்து 'பழைய' காயலாயிற்று. போர்த்துகீசியர் காலத்தில் புன்னைக்காயல். ஒரே ஆறு மூன்று துறைகளை எழுதி அழித்திருக்கிறது. இது நோயில்லை, ஆற்றின் வேலை. கேட்க வேண்டியது வேகத்தையும் காரணத்தையும்தான். நூற்றாண்டுகளில் நடந்தது இருபது ஆண்டில் நடந்தால், அதுவும் தலைகீழாக நடந்தால், அதற்கு யார் பொறுப்பு?

தலைகீழ் என்று சொல்லக் காரணம் இருக்கிறது. காப்பகத்துக்குள்ளும் அதன் விளிம்பிலுமாகப் பாபநாசம், சேர்வலாறு, மணிமுத்தாறு என மூன்று அணைகள் நிற்கின்றன. அணை தண்ணீரை விடும், மணலைப் பிடித்துக்கொள்ளும். சுமையிழந்து வெளியேறும் நீரைப் 'பசித்த நீர்' என்பார்கள் நீரியலாளர்கள். அது தன் பசிக்குக் கீழேயுள்ள படுகையையும் கரையையும் தின்னும். அதன்மேல் லாரி. படுகை இறங்கினால் வாய்க்கால் தலைமடைக்குத் தண்ணீர் ஏறாது, கரையோரக் கிணறு வற்றும், முகத்துவாரத்தில் உப்பு உள்ளே வரும். காட்டின் எல்லைக்கோடு வனத்துறை வரைபடத்தில் இருக்கிறது. மணலுக்கு அந்தக் கோடு தெரியாது. கோட்டுக்கு மேலே அது 'இயற்கை', கீழே 'கனிமம்'. ஒரே பொருளுக்கு இரண்டு பெயர், இரண்டு இலாகா. அதிகாரம் செயல்படுவது இந்தப் பெயர் மாற்றத்தில்தான்.

2010 டிசம்பரில், ஆர். நல்லகண்ணு தொடுத்த வழக்கில், உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை தாமிரபரணியில் மணல் அள்ள ஐந்தாண்டுத் தடை விதித்தது. அது பெரிய வெற்றி. ஆனால் இத்தகைய எந்த வழக்கிலும் எழும் கேள்வி ஒன்றுண்டு: 'முன்பு எவ்வளவு இருந்தது?' கரையில் நிற்கிற பெரியவர், "அப்பல்லாம் இந்தப் படித்துறையில கடைசிப் படி கண்ணுல படாதுய்யா, அம்புட்டு மணலு" என்பார். அவர் சொல்வது உண்மை. ஆனால் ஆவணத்தின் மொழியில் அது 'செவிவழி'. அளக்காமல் விட்டது நடுநிலை அல்ல. பதிவின்மை எப்போதும் அள்ளியவன் பக்கம்தான் சாட்சி சொல்கிறது.

இன்னொரு ஆபத்தும் உண்டு. மீன்வள அறிஞர் டேனியல் பாலி 1995-இல் சுட்டியதுபோல, ஒவ்வொரு தலைமுறையும் தான் முதலில் பார்த்த சீரழிவையே இயல்பு என்று எடுத்துக்கொள்கிறது. இன்று பிறக்கிற பிள்ளைக்குப் பாறை துருத்திய ஆறுதான் ஆறு.

சரி, அளப்பது எப்படி? இது அப்படியொன்றும் கம்பசூத்திரம் இல்லை. ஒரே இடம், ஒரே முறை, ஒரே பருவம் - இந்த மூன்றையும் விடாமல் பிடித்துக்கொள்வதே விதி. வடகிழக்குப் பருவமழைக்கு முன்னும் பின்னும், இக்கரையிலிருந்து அக்கரைக்குக் கயிறு கட்டி, ஒரு மீட்டருக்கொரு தடவை படுகையின் ஆழத்தைக் குறித்தால் ஆற்றின் குறுக்குவெட்டு கிடைக்கும். சரிவில் இரும்புக் கம்பியை அடித்துவைத்து, வெளியே தெரியும் நீளத்தை ஆண்டுதோறும் பார்த்தால் மண் அரிப்பு தெரியும். விரிசலின் இருபுறமும் முளையடித்து நாடா பிடித்தால் சரிவு நகர்வது தெரியும். கலங்கல் நீரை வடிகட்டி, உலர்த்தி, நிறுத்தால் வண்டல் வரத்து. ஒரே கல்லின்மேல் நின்று எடுத்த புகைப்படம் பத்து ஆண்டில் ஆவணமாகிவிடும். நிலையான குறிகளுக்கும் இங்கே பஞ்சமில்லை. 1843-இன் சுலோசன முதலியார் பாலத் தூண்கள், ஆற்றுநடுவே நிற்கும் குறுக்குத்துறை முருகன் கோயில், கோடைமேலழகியான் முதல் ஸ்ரீவைகுண்டம் வரை எட்டு அணைக்கட்டுகள். குறுக்குத்துறைக் கோயிலில் எதுவரை தண்ணீர் ஏறியது என்பதை வைத்தே ஊர் வெள்ளத்தை அளந்திருக்கிறது. அதைத் தேதியோடு எழுதிவைப்பதுதான் பாக்கி.

2023 டிசம்பர் 18 காலையோடு முடிந்த 24 மணி நேரத்தில் காயல்பட்டினத்தில் 94.6 செ.மீ. மழை கொட்டியது. அந்த வெள்ளம் எங்கே மணலைப் போட்டது, எங்கே கரையை வெட்டியது? அதற்கு முந்தைய தரைமட்டம் தெரிந்தால்தான் இதற்கு விடை. வெள்ளம் வந்த பிறகு 'முன்' என்பதை உற்பத்தி செய்ய முடியாது.

அறிவியலைச் சாமானியர் கையில் எடுப்பது சாத்தியமா என்பவர்கள், இதே மேற்குத் தொடர்ச்சி மலையில் வடக்கே இருக்கும் வயநாட்டைப் பார்க்கலாம். கல்பற்றாவிலுள்ள ஹியூம் மையம் தன்னார்வலர்களைக் கொண்டு மாவட்டம் முழுக்க மழைமானிகளை நிறுவியிருக்கிறது. 2024 ஜூலை 30 அதிகாலையில் முண்டக்கை, சூரல்மலை சரிவதற்கு முந்தைய நாளே அது மாவட்ட நிர்வாகத்தை எச்சரித்தது. எண் இருந்தது, அதைக் கேட்கிற காதுதான் இல்லை. கண்காணிப்பு என்பது கருவி மட்டுமல்ல, அதிகார உறவும்கூட என்பதற்கு இதைவிட வேறு சான்று தேவையில்லை.

அதே காரணத்தால் அளவுகோலைக் கண்டு பயப்படவும் வேண்டியிருக்கிறது. 'கண்காணிப்பு' என்ற சொல்லின் இன்னொரு பொருள் நமக்குத் தெரியாததல்ல. ஒரு சரிவை 'அபாயப் பகுதி' என்று அறிவிக்கிற வரைபடம் நாளை காணிக்குடிகளை வெளியேற்றும் நோட்டீஸாக மாறலாம். மாஞ்சோலையைப் பாருங்கள். சிங்கம்பட்டி ஜமீன் 1929-இல் 99 ஆண்டுக் குத்தகைக்குக் கொடுத்த மலை. மழைக்காடு தேயிலையானபோது அங்கே கூலிக்குப் போனவர்கள், 1999 ஜூலை 23-இல் கூலி கேட்டு ஊர்வலம் வந்தபோது தடியடியில் தாமிரபரணிக்குள் விரட்டப்பட்டார்கள். 17 உயிர்கள். 2024-இல் கம்பெனி கடையைக் கட்ட, மிஞ்சியவர்களும் மலையைவிட்டு இறங்கும் நிலை. தலைமுறைகளாக அந்தச் சரிவின் மழையையும் மண்ணையும் உடம்பால் அறிந்தவர்கள் அவர்கள். மலையைக் காப்பாற்றுகிறோம் என்று அந்த அறிவைக் கீழே இறக்கிவிட்டு, பிறகு செயற்கைக்கோள் படத்தை வைத்து மலையின் 'ஆரோக்கியத்தை'ப் படிப்பது என்ன வாசிப்பு?

எனவே நான் முன்வைப்பது இரண்டு. ஒன்று, அளவீடு காப்பகத்தின் வேலியோடு நிற்கக் கூடாது; பொதிகையிலிருந்து புன்னைக்காயல் வரை, ஏறத்தாழ 128 கி.மீ. நீளத்துக்கும், மணல் போகிற வழியே அது போக வேண்டும். இரண்டு, அளப்பவர் காணிக்காரராகவும் மடை திறக்கிற மடையராகவும் முகத்துவார மீனவராகவும் பள்ளிப் பிள்ளைகளாகவும் இருக்க வேண்டும். எண்கள் தமிழில், ஊர்ச் சாவடியில், எவரும் பார்க்கும்படி எழுதப்பட வேண்டும். பூட்டிய அலுவலகத்தில் இருக்கிற அளவு எங்கள் ஆற்றைப் பற்றியதாக இருக்கலாம், எங்களுடையது ஆகாது.

ஒரு கயிறு, ஒரு நாடா, ஒரு நோட்டு. அடுத்த ஐப்பசிக்கு முன்னால் உங்கள் ஊர்ப் படித்துறையில் எத்தனை படி தெரிகிறது என்று எண்ணி, தேதி போட்டு எழுதிவையுங்கள். அடுத்த வழக்குக்கு அது வேண்டியிருக்கும்.