ஆசிட்: சாயப் பட்டறை முதல் பேங்க் வரை

எங்கள் ஐயம்பேட்டையில் ஆசிட் என்றால் பட்டுக்குச் சாயம் போடுவதுதான் நினைவுக்கு வரும். பட்டு புரத இழை. ஆசிட் சாயம் அதை நன்றாகப் பிடித்துக்கொள்ளும். உங்கள் யுபிஎஸ் பேட்டரிக்குள்ளும் பெரும்பாலும் சல்பியூரிக் ஆசிட்தான். பேட்டரி உப்பியிருந்தால் திறந்து பார்க்காதீர்கள். குப்பையிலும் போடாமல் பேட்டரி கடையில் கொடுத்துவிடுங்கள்.

சாஃப்ட்வேர் ஆட்கள் சொல்லும் ஆசிட் வேறு. ஆடோமிசிட்டி, கன்சிஸ்டென்சி, ஐசொலேஷன், டியூரபிலிட்டி என்ற நான்கு சொற்களின் முதல் எழுத்துகளைச் சேர்த்து, 1983-ல் ஹேர்டர், ராய்ட்டர் என்ற இருவர் டேட்டாபேஸுக்கு வைத்த பெயர் அது.

என் மாமா நெட் பேங்கிங்கில் நூல் கடைக்காரருக்கு 5,000 ரூபாய் அனுப்பியபோது பாதியில் கரண்ட் போய்விட்டது. பயந்துபோய் மறுபடியும் அனுப்பினார். இரண்டு முறையும் பணம் போய்ச் சேர்ந்தது! கடைக்காரர் தெரிந்தவர், தப்பித்தார்.

நடந்தது இதுதான். இருவர் கணக்கும் ஒரே பேங்கில். இங்கே கழிப்பது, அங்கே சேர்ப்பது இரண்டும் நடக்கும், அல்லது இரண்டுமே நடக்காது. இது ஆடோமிசிட்டி. முடிந்த கணக்கு எந்தக் கோளாறிலும் அழியாது, இது டியூரபிலிட்டி. கரண்ட் போனது மாமா வீட்டில்தான், பேங்க் சர்வரில் அல்ல. வேறு வேறு பேங்க் என்றால் டேட்டாபேஸும் இரண்டு; பணம் கொஞ்ச நேரம் நடுவில் நிற்கலாம். எதுவானாலும் முதலில் ஸ்டேட்மென்ட்டைப் பாருங்கள், பிறகு பட்டனை அழுத்துங்கள்.

பிரவுசர்களுக்கும் ஆசிட் உண்டு. 2005-ல் வந்த ஆசிட்2 டெஸ்டில் தேறிய பிரவுசர், ஒரு சிரித்த முகத்தைப் பிசகில்லாமல் வரைந்து காட்டும். தங்கத்தை உரைத்து நைட்ரிக் ஆசிட் விட்டுப் பார்ப்பார்களே, அந்தப் பழக்கத்தின் பெயர்தான்.