ஹாக்கி மேட்ச் எங்கே தெரியும்? கம்ப்யூட்டரில் தேடிக் கண்டுபிடிக்கும் வழி

புதிதாகக் கம்ப்யூட்டரும் இன்டர்நெட் இணைப்பும் வாங்கியவர்கள் என்னிடம் அடிக்கடி கேட்கும் கேள்விகளில் இதுவும் ஒன்று. "இன்றைக்கு ஹாக்கி மேட்ச் எந்தச் சேனலில் வருகிறது? கம்ப்யூட்டரில் பார்க்க முடியுமா?" நான் இருக்கும் மாதவரத்தில் கிரிக்கெட்டுக்கு இப்படி யாரும் கேட்பதில்லை. டீக்கடையிலேயே தெரிந்துவிடும். ஹாக்கிக்குத்தான் தேட வேண்டியிருக்கிறது.

சேனல் ஏன் ஒவ்வொரு முறையும் மாறுகிறது என்பதைப் புரிந்துகொண்டால் பாதி வேலை முடிந்தது. ஒளிபரப்பு உரிமை அணிக்காக விற்கப்படுவதில்லை, போட்டிக்காக விற்கப்படுகிறது. நம் இந்திய அணியையே எடுத்துக்கொள்ளுங்கள். 2023 ஆகஸ்டில் சென்னை எழும்பூர் மேயர் ராதாகிருஷ்ணன் ஸ்டேடியத்தில் ஆசிய சாம்பியன்ஸ் கோப்பை நடந்தது. இறுதி ஆட்டத்தில் மலேசியாவிடம் இடைவேளை வரை 1-3 என்று பின்தங்கிக் கிடந்து, பிறகு 4-3 என்று ஜெயித்தோமே, அதேதான். அது ஸ்டார் ஸ்போர்ட்ஸிலும், கம்ப்யூட்டரில் ஃபேன்கோடிலும் வந்தது. 2024 ஆகஸ்டில் பாரிஸ் ஒலிம்பிக்ஸில் இதே அணி வெண்கலம் வென்றது ஸ்போர்ட்ஸ்18 சேனலிலும் ஜியோசினிமாவிலும். அடுத்த மாதமே சீனாவில் மறுபடி ஆசிய சாம்பியன்ஸ் கோப்பை. இந்த முறை சோனி, சோனிலிவ். பதினான்கு மாதங்களுக்குள் மூன்று கடைகள்! ஜியோசினிமா என்ற பெயரே 2025 பிப்ரவரியில் ஹாட்ஸ்டாருடன் இணைந்து ஜியோஹாட்ஸ்டார் ஆகிவிட்டது. எனவே "போன தடவை இதில்தான் பார்த்தேன்" என்ற நினைவு ஹாக்கிக்கு உதவாது.

சரி, தேடலுக்கு வருவோம். சர்ச் எஞ்சினில் "ஹாக்கி லைவ்" என்று ஆங்கிலத்தில் டைப் செய்து எண்டர் தட்டினால், ஹெல்மெட் போட்டுக்கொண்டு பனிக்கட்டி மேல் சறுக்கும் ஆட்டம் வந்து நிற்கும். அமெரிக்காவிலும் கனடாவிலும் ஹாக்கி என்றால் ஐஸ் ஹாக்கி. நம் ஆட்டத்தை அவர்கள் ஃபீல்டு ஹாக்கி என்பார்கள். ஆகவே "ஃபீல்டு ஹாக்கி" என்றோ, போட்டியின் முழுப் பெயரையும் ஆண்டையும் சேர்த்தோ டைப் செய்திடவும். நம் அணியைத் தேடுகிறவர்கள் "தமிழ்நாடு டிராகன்ஸ்" என்று மட்டும் கொடுக்காமல் "ஹாக்கி இந்தியா லீக்" என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். சென்னைக்கு இதற்கு முன்பும் அணிகள் இருந்தன. 2005-ல் தொடங்கிய பிரீமியர் ஹாக்கி லீக்கில் சென்னை வீரன்ஸ், 2012-ல் உலக ஹாக்கி தொடரில் சென்னை சீட்டாஸ். "சென்னை ஹாக்கி அணி" என்று பொதுவாகத் தேடினால், என்றைக்கோ முடிந்துபோன அந்தப் போட்டிகளின் பக்கங்களும் சேர்ந்து வந்து குழப்பும்.

பழைய பக்கங்களை வடிகட்ட ஒரு வசதி உண்டு. கூகுளில் விடைகள் வந்ததும் மேலே உள்ள "டூல்ஸ்" என்பதில் கிளிக் செய்திடவும். கிடைக்கும் மெனுவில் "எனி டைம்" என்று இருப்பதை மாற்றி, கடந்த ஒரு வாரம் என்பதைத் தேர்ந்தெடுக்கவும். கணிசமான குப்பை ஒதுங்கிவிடும். எனக்குத் தெரிந்து புதியவர்களில் பெரும்பாலோர் இந்த இடத்தைத் தொடுவதே இல்லை.

சேனல் பெயரைச் செய்தித் தளங்களில் படிப்பதை விட, போட்டியை நடத்துபவர்களிடமே கேட்பது நல்லது. இந்திய அணியின் ஆட்டங்களுக்கு ஹாக்கி இந்தியா தளம். உலக அளவிலான போட்டிகளுக்கு எஃப்.ஐ.எச். எனப்படும் சர்வதேச ஹாக்கி சம்மேளனத்தின் தளம். ஹாக்கி இந்தியா லீக் ஏழு ஆண்டு இடைவெளிக்குப் பிறகு 2024 டிசம்பர் 28 அன்று ரூர்கேலாவில் மீண்டும் தொடங்கியபோது, சோனி சேனல்களிலும் தூர்தர்ஷனின் டிடி ஸ்போர்ட்ஸிலும் வரும் என்றும், இன்டர்நெட்டில் சோனிலிவ், வேவ்ஸ் இரண்டிலும் பார்க்கலாம் என்றும் அமைப்பாளர்களே அறிவித்தார்கள். இதில் வேவ்ஸ் பலருக்குப் புதிது. பிரசார் பாரதி 2024 நவம்பரில் தொடங்கிய சேவை. மொபைல் எண் கொடுத்துப் பதிவு செய்துகொண்டால் போதும்.

டிடி ஸ்போர்ட்ஸ் பற்றி ஒரு வார்த்தை. "பேப்பரில் டிடி என்று போட்டிருக்கிறான், எங்கள் வீட்டு கேபிளில் டிடி ஸ்போர்ட்ஸ் வைத்தால் வேறு ஏதோ ஓடுகிறது. ஆனால் எதிர் வீட்டில் மேட்ச் வருகிறதே" என்று சிலர் குழம்புவார்கள். பெட்டியில் கோளாறு இல்லை. 2007-ல் வந்த சட்டப்படி, தேச முக்கியத்துவம் உள்ளவை என்று அரசு அறிவித்த விளையாட்டுகளை, உரிமை வாங்கிய தனியார் சேனல் தூர்தர்ஷனுக்கும் கொடுத்தாக வேண்டும். ஹாக்கி உலகக் கோப்பையில் இந்தியா ஆடும் ஆட்டங்கள் அந்தப் பட்டியலில் உண்டு. ஆனால் அப்படிப் பெற்றதை தூர்தர்ஷன் தன் சொந்த டிரான்ஸ்மிட்டரிலும் டிடி ஃப்ரீ டிஷ்ஷிலும் மட்டும்தான் காட்டலாம், தனியார் கேபிள் வழியாகக் கூடாது என்று 2017 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. எதிர் வீட்டு மாடியில் பாருங்கள், ஃப்ரீ டிஷ் குடை இருக்கும். ஒரு முறை வாங்கி மாட்டினால் மாதச் சந்தா கிடையாது. கொஞ்சம் விசித்திரமான ஏற்பாடுதான். காசு கட்டிக் கேபிள் பார்ப்பவருக்கு இல்லாதது, கட்டாதவருக்குக் கிடைக்கிறது.

நேரத்தையும் கவனியுங்கள். வெளிநாட்டுப் போட்டி என்றால் அட்டவணையில் பெரும்பாலும் அந்த ஊர் நேரம்தான் இருக்கும். நெதர்லாந்து, பெல்ஜியம், பிரான்ஸ், ஜெர்மனி நாடுகளுக்குக் கோடையில் மூன்றரை மணி நேரமும், குளிர்காலத்தில் நாலரை மணி நேரமும் கூட்டினால் நம் நேரம் வரும். பாரிஸ் வெண்கல ஆட்டம் அங்கே மதியம் 2 மணி, நமக்கு மாலை 5.30. 2026 உலகக் கோப்பைக்கு நெதர்லாந்தும் பெல்ஜியமும் இடங்கள், ஆகஸ்ட் 15 முதல் 30 வரை தேதி. அங்கே அது கோடைக்காலம் என்பதால் மூன்றரை மணி நேரக் கணக்கு.

இனி, நான் இந்தக் கட்டுரையை எழுதக் காரணமான விஷயம். எங்கள் தெருவில் துறைமுகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற ஒரு பெரியவர் இருக்கிறார். இளமையில் லெஃப்ட் அவுட் ஆடியவர். மகள் அவருக்கு லேப்டாப் வாங்கிக் கொடுத்திருந்தார். ஒரு நாள் மாலை "தம்பி, கொஞ்சம் வந்து பாருப்பா" என்று கூப்பிட்டார். போய்ப் பார்த்தால், "ஃப்ரீ லைவ்" என்று தேடிப் பிடித்த ஏதோ ஒரு தளம் திறந்திருக்கிறது. நடுவில் ஸ்டேடியம் படம், அதன் மேல் பெரிய பிளே பட்டன். அழுத்தினால் "நீங்கள் மனிதர்தான் என்று உறுதி செய்ய ஒரு ரூபாய்" என்று டெபிட் கார்டு எண், பின்னால் உள்ள மூன்று இலக்க எண் எல்லாம் கேட்கிறது. கார்டைக் கையில் எடுத்து வைத்திருந்தார். அவருடைய பென்ஷன் வரும் கணக்கின் கார்டு அது. "ஒரு ரூபாய்தானே தம்பி?" என்றார்.

அந்த ஒரு ரூபாய் தூண்டில் புழு. கார்டு எண்ணும் அடுத்து வரும் ஓ.டி.பி.யும் கிடைத்தால் கணக்கில் இருப்பதைச் சுருட்ட முயற்சிப்பார்கள். வேறு சில தளங்கள் காசு கேட்காது; "பிளேயர் பழையது, இதை டவுன்லோட் செய்திடவும்" என்று ஒரு ஃபைலைத் தரும். இன்றைய பிரவுசர்களில் வீடியோ பார்க்கத் தனி பிளேயர் எதுவும் தேவையில்லை. ஃப்ளாஷ் பிளேயரை அடோபி நிறுவனம் 2020 கடைசியில் நிறுத்தியே விட்டது. ஆகவே மேட்ச் பார்க்க எதையாவது இன்ஸ்டால் செய்யச் சொன்னால், அந்தப் பக்கத்தை உடனே மூடிவிடவும். யூடியூபில் "லைவ்" என்று சிவப்பு எழுத்தில் போட்டு, ஸ்கோர் அட்டையையோ வீடியோ கேமையோ ஓட்டுபவர்களும் உண்டு. சேனல் பெயரைக் கிளிக் செய்து, அது ஹாக்கி இந்தியாவுடையதா, எஃப்.ஐ.எச்.சுடையதா, டி.வி. நிறுவனத்துடையதா என்று பார்த்துவிடுங்கள். ஏற்கெனவே யாராவது பணம் இழந்திருந்தால் தாமதிக்காமல் 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணை அழைத்து, வங்கியிலும் கார்டை முடக்கச் சொல்ல வேண்டும். முதல் சில மணி நேரம் முக்கியம்.

பெரியவருக்கு வேவ்ஸில் பதிவு செய்து கொடுத்தேன். படம் விட்டு விட்டு வந்தது. மூலக்கடை பக்கம் மாலை நேரத்தில் மொபைல் டேட்டா அப்படித்தான். கணக்குப் பாருங்கள்: ஓரளவு தெளிவான படத்துக்கு விநாடிக்கு 3 மெகாபிட் தேவை என்று வைத்துக்கொண்டால், மணிக்கு 1.35 ஜி.பி. ஆகும். ஹாக்கி ஆட்டம் கால் மணி நேரம் வீதம் நான்கு பகுதி. இடைவேளை, பெனால்டி கார்னர், வீடியோ ரிவியூ எல்லாம் சேர்ந்து நூறு நிமிடம் ஆகலாம். ஆக ஒரு மேட்சுக்கு ஏறக்குறைய 2.25 ஜி.பி. தினம் ஒன்றரை ஜி.பி. திட்டம் வைத்திருப்பவருக்கு மூன்றாவது பகுதி முடிவதற்குள் தீர்ந்துவிடும். வீடியோவின் மூலையில் பல் சக்கரம் போன்ற படம் தெரிந்தால், அதில் கிளிக் செய்து 480 என்பதைத் தேர்ந்தெடுக்கவும். பந்து சிறியது என்பதால் அதற்குக் கீழே இறக்கினால் கண்ணில் படாது.

படம் வேண்டாம், வர்ணனை போதும் என்பவர்களுக்கு ஆகாசவாணி இருக்கிறது. நியூஸ்ஆன்ஏர் என்ற அதன் ஆப்பிலும் தளத்திலும் நாடெங்கும் உள்ள வானொலி நிலையங்களைக் கேட்கலாம். எல்லா ஆட்டத்துக்கும் வர்ணனை இருக்காது. முக்கிய ஆட்டங்களுக்கு உண்டா என்று நிகழ்ச்சி நிரலில் பார்த்துக்கொள்ள வேண்டும். ஒலிக்கு விநாடிக்கு 64 கிலோபிட் என்றால், நூறு நிமிடத்துக்கு 48 எம்.பி.தான். பெரியவருக்கு இதுதான் பிடித்திருந்தது. 1975 மார்ச் 15 அன்று கோலாலம்பூரில் பாகிஸ்தானை 2-1 என்று வென்று இந்தியா உலகக் கோப்பையை எடுத்ததை அவர் ரேடியோவில்தான் கேட்டாராம். சென்னையில் டி.வி. நிலையம் தொடங்கியதே அதற்கு ஐந்து மாதம் கழித்து, அதே ஆண்டு ஆகஸ்ட் 15-ல்தான்.

இன்டர்நெட்டில் வருவது டி.வி.யை விடச் சில விநாடிகள், சமயத்தில் அரை நிமிடம் கூடப் பின்தங்கி வரும். கேபிள் உள்ள பக்கத்து வீட்டில் முதலில் கத்துவார்கள், உங்கள் திரையில் அப்போதுதான் பெனால்டி கார்னருக்கு ஓடி வந்து நிற்பார்கள். இதற்கு வைத்தியம் இல்லை, ஜன்னலைச் சாத்திக்கொள்ளலாம். பெரிய திரையில் பார்க்க, லேப்டாப்பையும் டி.வி.யையும் எச்.டி.எம்.ஐ. கேபிளால் இணைத்து, விண்டோஸ் கீயுடன் பி எழுத்தை அழுத்தி "டூப்ளிகேட்" என்பதைத் தேர்ந்தெடுத்திடவும்.

ஆட்டம் எழும்பூரிலேயே நடந்தால் இத்தனையும் தேவையில்லை. 2025 கடைசியில் ஜூனியர் உலகக் கோப்பை ஆட்டங்கள் சென்னையிலும் மதுரையிலும் நடந்தன. 2026 ஜனவரியில் ஹாக்கி இந்தியா லீக்கும் சென்னைக்கு வந்தது. மாதவரத்திலிருந்து பஸ் ஏறினால் போய்விடலாம். பெரியவர் இப்போது ஹாக்கி இந்தியா தளத்தின் அட்டவணைப் பக்கத்தை புக்மார்க் செய்து வைத்திருக்கிறார். கன்ட்ரோல் கீயுடன் டி எழுத்தை அழுத்தினால் புக்மார்க் ஆகும் என்பதை எனக்கே திரும்பச் சொல்லிக் காட்டினார்.