வரி வழக்குக்குச் சமரசம் உண்டா?

2025 செப்டம்பர் 30-ஆம் தேதியோடு இரண்டு கெடுக்கள் முடிந்தன: ஒன்று சொத்து வரியின் முதல் அரையாண்டு, மற்றொன்று, நிலுவை வழக்குகளைச் சமரசத்துக்கு அனுப்புவதற்காக 2025 ஜூலை 1 முதல் நாடெங்கும் நடந்த 90 நாள் இயக்கம். இரண்டையும் ஒன்றாகக் கருதிய திருவேற்காட்டு வாசகர்கள் பலர், நகராட்சியோடு தங்களுக்குள்ள வரி வழக்கும் சமரச மையத்துக்குப் போகுமா என்று கேட்டெழுதியிருக்கின்றனர்.

போகாது. இந்தியாவிலேயே முதன்முதலாக நீதிமன்றத்தோடிணைந்த சமரச மையம் சென்னை உயர்நீதிமன்றத்தில்தான் 2005 ஏப்ரல் 9-இல் திறக்கப்பட்டது என்று நாம் பெருமை பேசினாலும், 2023-ஆம் ஆண்டின் மத்தியஸ்தச் சட்டம், வரி விதிப்பு, வசூல், அபராதம் பற்றிய தகராறுகளைத் தன் முதல் அட்டவணையிலேயே விலக்கிவிட்டது. ஆயினும் அதே சட்டத்தின் 26-ஆம் பிரிவு, மக்கள் நீதிமன்றத்தின் நடவடிக்கைகளைத் தான் தொடுவதில்லை என்கிறது. அவற்றை ஆளும் 1987-ஆம் ஆண்டுச் சட்டமோ வரியை விலக்கவில்லை. ஆக, தலைவாசலில் தடுக்கப்பட்ட வழக்குக்குப் பக்கவாசல் திறந்தே இருக்கிறது.

விசித்திரம் இதற்குப் பிறகுதான். சட்டத்தின் அதிகாரமின்றி எந்த வரியும் விதிக்கவோ வசூலிக்கவோ கூடாதென்பது அரசியல் சாசனத்தின் 265-ஆவது விதி. சட்டப்படி சேரவேண்டிய வரியைத் தள்ளுபடி செய்யவும் எந்த அதிகாரிக்கும் சுயேச்சையான உரிமை இல்லை. அப்படியானால் மக்கள் நீதிமன்ற மேஜையில் எதைப் பேசித் தீர்ப்பது? கருமாரியம்மன் கோயிலுக்கு வரும் பக்தர்களை நம்பி ஒருவர் முன்னறையில் பூக்கடை வைத்திருக்க, வீடு முழுவதையும் வணிகக் கட்டடமென்று கணக்கெழுதிவிட்டார்கள் என வைத்துக்கொள்வோம். சதுர அடி எத்தனை, எந்தப் பகுதி கடை, எது குடியிருப்பு என்ற உண்மைகளில் உடன்பாடு காணலாமேயன்றி, வரி விகிதத்தில் பேரம் பேசுவதற்கு இடமே இல்லை. ‘வென்றவரும் இல்லை, தோற்றவரும் இல்லை’ என்னும் விளம்பர வாசகத்தை, ஒரு தரப்பின் கை சட்டத்தால் கட்டப்பட்டிருக்கும் இந்த மேஜையில் அப்படியே ஏற்க எனக்குத் தயக்கமாயிருக்கிறது. ஏனெனில் அங்கே பிறக்கும் தீர்வு சிவில் நீதிமன்றத் தீர்ப்பாணைக்குச் சமமானது, அதன்மேல் அப்பீலும் கிடையாது.

மற்றக் கேள்விகள்:

நீதிமன்றக் கட்டணம்? தீர்வானால் திரும்பக் கிடைக்கும்.

தீர்வாகாவிட்டால்? விட்ட இடத்திலிருந்தே வழக்கு தொடரும்.

வருமான வரிக்கு? அதற்கான தனித் திட்டத்தில் விண்ணப்பிக்கும் காலம் 2025 ஏப்ரல் 30-உடன் முடிந்தது.

எங்கே கேட்பது? பூந்தமல்லி நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் குழுவில்.

கூடுவது எப்போது? 2025-இல் தேசிய மக்கள் நீதிமன்றத்துக்கு டிசம்பர் 13 குறிக்கப்பட்டிருந்தது. அங்கே கையெழுத்திட்ட அளவே கடைசி அளவாகிவிடும்; ஆதலால் போகுமுன், வாசகர்களே, ஒரு நாடாவை எடுத்து உங்கள் வீட்டை நீங்களே ஒருமுறை அளந்துவிடுங்கள்.